இருப்பியல்வாதம் கூறும் விடுதலை

(உரையின் எழுத்து வடிவம்)



இருப்பியல்வாதம் என்னும் பெயரைக் கேட்டவுடன் நம்மவரிற் சிலர், அது பாரிஸ் நகரத்துக் கோப்பிக் கடைகளிலே பொழுது போக்கியவர்களின் புதுமோகம் என்று ஒதுக்கிவிடுகின்றனர். வேறு சிலர், வாழ்வில் நம்பிக்கை இழந்தோரின் புலம்பல் அது என்கின்றனர். இரண்டும் உண்மைக்குத் தூரமானவை. மனிதன் விடுதலை உடையவன் என்றால் அதன் பொருள் யாது? அவ்விடுதலைக்கு அவன் கொடுக்கவேண்டிய விலை யாது? இவ்விரு வினாக்களையும், தப்பிச் செல்ல வழி விடாமல், நம்முன் நிறுத்திய மெய்யியல் அது. விடுதலை என்னும் சொல்லை மேடைதோறும் முழங்கும் நாம், அச்சொல்லின் ஆழத்தை ஒரு முறையேனும் அளந்து பார்த்தல் நமது கடன் அன்றோ?

ஊற்றுக்கண்

இம்மெய்யியலின் ஊற்றுக்கண் டென்மார்க் நாட்டிலே உள்ளது. 1813ஆம் ஆண்டு கொப்பன்கேகன் நகரிற் பிறந்து, 1855ஆம் ஆண்டில் 42ஆம் வயதில் மறைந்த சோரன் கியர்க்ககார்ட் அதன் தந்தை எனப் போற்றப்படுகின்றார். ஜேர்மன் அறிஞர் ஹெகலின் தத்துவம் அறிவுலகை ஆண்ட காலம் அது. உலக வரலாறு முழுவதையும் ஓர் ஒழுங்கான அமைப்புக்குள் அடக்கிக் காட்டினார் ஹெகல். அவ்வமைப்பிலே அரசுக்கு இடமிருந்தது, சமயத்துக்கு இடமிருந்தது, கலைக்கும் இடமிருந்தது. இன்னது செய்வதா, அன்னது செய்வதா என்று நள்ளிரவில் உறக்கமின்றித் தவிக்கும் தனி மனிதனுக்கு மட்டும் இடமில்லை. அந்த மனிதனுக்காகவே கியர்க்ககார்ட் வாதாடினார். எத்தனை நூல்களைக் கற்றாலும், முடிவெடுக்கும் கணத்தில் ஒவ்வொருவனும் தனியனே என்றார். அக்கணத்தில் உள்ளத்தில் எழும் பதைப்பை 1844ஆம் ஆண்டில் ஒரு தனி நூலாகவே ஆராய்ந்தார். அவர் ஆழ்ந்த கிறித்தவர் என்பதையும், எனவே இருப்பியல்வாதம் நாத்திகத்தின் மறுபெயர் அன்று என்பதையும் நாம் மனங்கொள்ள வேண்டும்.

கலப்பையும் மனிதனும்

இக்கருத்தை உலகறியச் செய்தவர் பிரான்சு நாட்டின் ஜோன் போல் சார்த்தர். 1905ஆம் ஆண்டு பிறந்த அவர், 1940ஆம் ஆண்டு ஜேர்மன் படையினரிடம் போர்க் கைதியாகச் சிக்கி, மறு ஆண்டு விடுதலை பெற்றார். அவருடைய பெருநூலாகிய ‘இருப்பும் இன்மையும்’ 1943ஆம் ஆண்டு, பிரான்சு நாசிகளின் காலடியிற் கிடந்தபோதே வெளிவந்தது. போர் முடிந்த பின், 1945ஆம் ஆண்டு ஒக்டோபர் 29ஆம் நாள், பாரிசிலே நெரிசல் மிகுந்த ஒரு மண்டபத்தில், இருப்பியல்வாதம் மனிதநேயக் கொள்கையே என்று அவர் ஆற்றிய சொற்பொழிவு மறு ஆண்டு நூலாயிற்று.

அவர் கூறியதன் சாரத்தை நம் வயற்புறத்து உவமை ஒன்றினால் விளக்கலாம். தச்சன் கலப்பை செய்கின்றான். மரத்திலே உளி படுமுன்னரே, கலப்பை எதற்கு, அது எவ்வடிவில் அமையவேண்டும் என்பன அவன் உள்ளத்தில் உள்ளன. முதலில் நோக்கம், பின்னரே கலப்பை. மனிதனோ அத்தகையவன் அல்லன் என்கின்றார் சார்த்தர். அவனை முன்கூட்டியே வரைந்து வைத்த தச்சன் எவனும் இல்லை. முதலில் அவன் இருக்கின்றான். பின்னர்த் தன் செயல்களால் தன்னை ஆக்கிக்கொள்கின்றான். கோழையாகப் பிறந்தவன் எவனுமில்லை. கோழைத்தனமான செயல்களைச் செய்தே ஒருவன் கோழையாகின்றான். ஆகவே, வேறு வகையாக வாழவும் அவனுக்கு வழி திறந்தே இருக்கின்றது. மேலும், ஒருவன் தனக்கென ஒன்றைத் தெரிவு செய்யும்போது, மனிதன் இவ்வாறே இருத்தல் வேண்டும் என்று உலகுக்கே ஓர் உருவத்தைக் காட்டிவிடுகின்றான். இவ்விடத்திலேதான் விடுதலை, பொறுப்பு என்னும் பெருஞ்சுமையாக மாறுகின்றது.

தன்னைத் தானே ஏய்த்தல்

சுமையைக் கண்டவன் தோளை விலக்கிக்கொள்ள முயல்வது இயல்பு. அம்முயற்சியைச் சார்த்தர் தன்னைத் தானே ஏய்த்தல் என்று கண்டார். மேசைக்குப் பின்னால் அமர்ந்திருக்கும் அலுவலர் ஒருவர், அநீதியான ஆணையொன்றிற் கையொப்பமிடுகின்றார். ஏன் என்று கேட்டால், “மேலிடத்து உத்தரவு, நான் என் செய்வேன்?” என்கின்றார். ஊர்க் கிணற்றிலே ஒருவன் நீர் அள்ளுவதைச் சாதியின் பேரால் ஒரு கூட்டம் தடுக்கின்றது. அக்கூட்டத்தின் ஓரத்தில் வாய்மூடி நிற்பவர், “நான் ஒன்றும் செய்யவில்லையே” என்கின்றார். இருப்பியல்வாதியின் மறுமொழி கடுமையானது: ஐயா, கையொப்பம் இட்டது மேலிடம் அன்று, நுமது கை. நீர் ஒன்றும் செய்யாதிருக்கவில்லை. ஒன்றும் செய்யாதிருப்பதைத் தெரிவு செய்தீர். ஊழ், குலம், வழக்கம், கட்டளை ஆகிய எதன் பின்னால் ஒளிந்தாலும், ஒளிந்துகொள்ளத் தீர்மானித்தவர் நீரே.

சிறைக்குள்ளும் விடுதலையா?

இங்கே ஓர் ஐயம் எழுதல் வேண்டும். விலங்கிடப்பட்ட அடிமையும் தன் உள்ளத்தளவில் விடுதலை உடையவனே என்றால், விலங்கை ஏன் உடைக்கவேண்டும்? அடக்குவோருக்கு இதனினும் இனிய தத்துவம் வேறுண்டோ? இது வெறும் குதர்க்கம் அன்று. சார்த்தரின் நண்பர் மெர்லோ பொன்றி 1945ஆம் ஆண்டிலேயே இக்குறையைச் சுட்டினார்: எல்லாச் செயலிலும் விடுதலை ஒரே அளவில் இருக்குமாயின், அஞ்சி வாழ்வதற்கும் தளையை அறுப்பதற்கும் வேறுபாடு இல்லாது போய்விடும் என்றார்.

இதற்குத் தக்க விடையளித்த பெருமை சீமோன் த போவ்வாருக்கு உரியது. 1947ஆம் ஆண்டு வெளியிட்ட அறவியல் நூலிலே, தன் விடுதலையை மெய்யாக விரும்புபவன் பிறர் விடுதலையையும் விரும்பியே ஆகவேண்டும் என அவர் நிறுவினார். எதிர்காலம் முழுவதும் அடைக்கப்பட்டவர்களுக்கு நடுவே ஒருவனுடைய விடுதலை மட்டும் செழிக்க முடியாது. 1949ஆம் ஆண்டில் அவர் எழுதிய ‘இரண்டாம் பால்’, பெண்ணின் அடிமைநிலை இயற்கை விதித்ததன்று, சமுதாயம் சமைத்தது என்று காட்டிற்று. சார்த்தரும் தாம் நின்ற இடத்திலேயே நின்றுவிடவில்லை. வறுமையும் அடிமைத்தனமும் தெரிவுகளை எவ்வாறு நெரிக்கின்றன என்பதை 1960ஆம் ஆண்டு வெளிவந்த நூலில் விரிவாக ஆராய்ந்தார். 1954 முதல் 1962 வரை நடந்த அல்ஜீரிய விடுதலைப் போரிலே, தம் சொந்த நாட்டு அரசை எதிர்த்து எழுதினார். அவர் வாழ்ந்த வீடு 1961இலும் 1962இலும் வெடிகுண்டுத் தாக்குதலுக்கு உள்ளாயிற்று. 1964ஆம் ஆண்டு தமக்கு அளிக்கப்பட்ட நோபல் பரிசையும் அவர் ஏற்க மறுத்தார்.

ஓர் எச்சரிக்கை

ஆயினும் நாணயத்தின் மறுபக்கத்தையும் கூறாவிடின் நாம் நேர்மை தவறியவராவோம். 1927ஆம் ஆண்டு வெளிவந்து சார்த்தருக்கும் வழிகாட்டிய ‘இருப்பும் காலமும்’ என்னும் நூலின் ஆசிரியர் மார்ட்டின் ஹைடெகர், 1933ஆம் ஆண்டு நாசிக் கட்சியிற் சேர்ந்தார். கூட்டத்தோடு கூட்டமாய்க் கரைந்துவிடாது, தன் வாழ்வைத் தானே ஏற்கவேண்டும் என்று எழுதிய அதே பேரறிஞர், வரலாறு கண்ட மிகக் கொடிய கூட்டத்திலே கலந்தார். அதே காலத்தில், யூதப் பெண்ணாகிய தம் மனைவியைக் கைவிட மறுத்த கார்ல் யஸ்பர்ஸ், 1937ஆம் ஆண்டு பேராசிரியர் பதவியை இழந்தார். இருவரும் ஒரே மெய்யியல் மரபினர். இருவரும் தெரிவு செய்தவர்களே. ஒருவருடைய தெரிவு அவருடைய பெயருக்கு நீங்காத கறையாயிற்று, மற்றவருடையது அணியாயிற்று.

இதிலிருந்து நாம் கற்பது யாது? உறுதியோடு தெரிவு செய்தல் மட்டும் போதாது. நாம் எதைத் தெரிவு செய்கின்றோம், அதனால் எவருடைய கதவு திறக்கின்றது, எவருடைய கதவு அடைபடுகின்றது என்பதே உரைகல். தமக்கு விடுதலை கேட்டுப் பிறருக்கு அதனை மறுப்போர் கேட்பது விடுதலை அன்று, ஆதிக்கமே.

அன்பர்களே, சார்த்தர் 1980இலும், போவ்வார் 1986இலும் மறைந்தனர். அவர்கள் எழுப்பிய வினா மறையவில்லை. அரசுகள் வழங்கும் விடுதலையை அரசுகள் பறிக்கவும் கூடும். ஆனால், ஆம் என்பதா, இல்லை என்பதா என்று தீர்மானிக்கும் பொறுப்பை எவரும் நமக்கு வழங்கவுமில்லை. எவரும் அதனை நம்மிடமிருந்து வாங்கிக்கொள்ளவும் முடியாது. அப்பொறுப்பை அறிந்து சுமப்போமாக.