ஒலிவாங்கியின் முன் ஒரு கமக்காரன் மகன்

(கமக்காரரும் ஆசிரியரும் பிற உத்தியோகத்தவரும் கூடிய கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



இம்மேடையில் நாம் பேசப் போகின்றோம் என்றதும், அமைச்சர்களைப் பற்றியோ தேர்தலைப் பற்றியோ பேசுவோம் என்று பலர் எண்ணியிருப்பீர்கள். அவற்றைப் பேச ஆட்கள் நிறைய உளர். நாம் எடுத்துக்கொண்ட பொருள், செய்தி சொல்லிப் பிழைத்த ஓர் அமெரிக்கரின் வாழ்க்கை. எட்வேர்ட் மரோ என்பது அவர் பெயர். நம் நாட்டுக்குத் தொலைக்காட்சி வந்தது 1979ஆம் ஆண்டில். அதற்குப் பதினான்கு ஆண்டுகளுக்கு முன்பே அவர் மறைந்துவிட்டார். ஆகவே அவர் முகத்தை நம்மிற் பெரும்பாலோர் கண்டதில்லை. ஆனால், அதிகாரத்துக்கு அஞ்சி ஊர் முழுவதும் வாய்மூடிக் கிடக்கும் நிலை எத்தகையது என்பதை நமக்கு எவரும் கற்பிக்க வேண்டியதில்லை. ஆதலால் இவர் கதை நமக்கு விளங்கும்.

1908 ஏப்ரல் 25ஆம் நாள், வட கரோலினாவில், சிறு கமக்காரர் ஒருவரின் மகனாக அவர் பிறந்தார். மண் கைகொடுக்கவில்லை. குடும்பம் மேற்குக் கரையிலுள்ள வாஷிங்டன் மாநிலத்துக்குப் பெயர்ந்தது. மரம் ஏற்றும் இரயிற்பாதையில் தந்தைக்கு வேலை கிடைத்தது. மகனும் காடுகளில் மரவேலை செய்து பணம் தேடியே கல்லூரிக்குப் போனார். அங்கே ஐடா லூ அன்டர்சன் என்னும் ஆசிரியை அவருக்குப் பேச்சுக்கலை கற்பித்தார். இளம்பிள்ளை வாதத்தால் உடல் வளைந்துபோன அம்மையார் அவர். எந்தச் சொல்லில் நிறுத்த வேண்டும், எந்தச் சொல்லை அழுத்த வேண்டும் என்று அவர் பயிற்றியதையே மரோ பிற்காலத்தில் உலகம் கேட்கப் பேசினார். இங்கு வந்திருக்கும் ஆசிரியர்கள் அந்த அம்மையாரின் பெயரை நினைவில் வைத்துக்கொள்வார்களாக!

1935இல் கொலம்பியா ஒலிபரப்பு நிறுவனத்திற் சேர்ந்தார். 1937இல் லண்டனுக்கு அனுப்பப்பட்டார். அவர் வேலை செய்தி சொல்வதன்று. பேச்சாளர்களை ஏற்பாடு செய்து கொடுப்பதே. 1938 மார்ச்சில் ஹிட்லரின் படைகள் ஒஸ்திரியாவுள் நுழைந்தன. போலந்தில் நின்ற மரோ, வாடகைக்கு விமானம் ஒன்றை அமர்த்தித் தனியொருவராக வியன்னாவுக்குப் பறந்தார். அங்கிருந்து தாமே வானொலியிற் பேசினார். அன்று முதல் அவர் செய்தியாளர்.

1940இல் லண்டன் மாநகரின் மீது குண்டுகள் பொழிந்தன. மாடிக் கூரைகளில் நின்றபடியே அவர் பேசினார். கடைக்காரன் உடைந்த கண்ணாடியைக் கூட்டுவதையும், மக்கள் நிலவறையை நோக்கி ஓடாமல் நடந்தே செல்வதையும் அவர் சொன்னார். பெரிய சொற்களை அவர் நாடவில்லை. 1945 ஏப்ரலில் பூகன்வால்ட் வதைமுகாமுள் நுழைந்து, தாம் கண்டதைச் சொன்னபோதும் அப்படியே. சில நாட்கள் பேசாதிருந்து, பின்னர் ஏப்ரல் 15இல் அந்த உரையை ஒலிபரப்பினார். விறகு அடுக்கியதுபோல் அடுக்கிக் கிடந்த பிணங்களை எண்ணிச் சொன்னாரே யன்றி, கண்ணீர் சிந்துமாறு எவரையும் அவர் கேட்கவில்லை.

யுத்தம் முடிந்து தொலைக்காட்சி வந்தது. மரோ அதனை முதலில் விரும்பினார் இல்லை. எனினும், பிரெட் பிரென்ட்லி என்பவரோடு கூடி 1951 நவம்பர் 18இல் ‘இப்பொழுது பாருங்கள்’ என்னும் நிகழ்ச்சியைத் தொடங்கினார். முதல் நாளிலேயே, அத்திலாந்திக் கரையிலுள்ள புரூக்ளின் பாலத்தையும் பசிபிக் கரையிலுள்ள கோல்டன் கேற் பாலத்தையும் ஒரே வேளையில் மக்களுக்குக் காட்டினார்.

அந்நாளில் அமெரிக்காவை ஓர் அச்சம் பிடித்து ஆட்டியது. செனட்டர் ஜோசப் மக்கார்த்தி, 1950 முதல், இன்னார் கொமியூனிஸ்ட், இன்னார் துரோகி என்று கைநீட்டிக் கொண்டிருந்தார். அவர் கை நீண்டால் உத்தியோகம் போகும். சான்று கேட்பவனும் துரோகியாவான். மிலோ ரடுலோவிச் என்னும் விமானப்படை உத்தியோகத்தர் ஒருவர் இருந்தார். அவர் செய்த குற்றம் யாது? தந்தையார் சேர்பியப் பத்திரிகை ஒன்றை வாசித்தாராம். சகோதரியின் அரசியல் பிடிக்கவில்லையாம். பெற்ற தகப்பனையும் உடன்பிறந்தாளையும் கைவிட்டால் உத்தியோகம் நிலைக்கும்! அவர் கைவிட மறுத்தார். 1953 ஒக்டோபர் 20இல் மரோ அந்தக் கதையை நாட்டுக்குக் காட்டினார். ஐந்து வாரம் கழித்து, விமானப்படைச் செயலாளர் அதே நிகழ்ச்சியில் தோன்றி, அவர் பதவியில் தொடர்வார் என்று அறிவித்தார்.

பின்பு 1954 மார்ச் 9, செவ்வாய்க்கிழமை இரவு. அரை மணி நேரம். மக்கார்த்தியின் பேச்சுக்களையும் விசாரணைகளையும் படம் பிடித்தபடியே எடுத்து வைத்து, இடையிடையே உண்மை இதுவென்று மரோ சொன்னார். மனிதனை அவன் வாயாலேயே காட்டிக்கொடுத்த முறை அது! இந்நிகழ்ச்சியை விளம்பரஞ் செய்ய நிறுவனம் பணம் தரவில்லை; தன் சின்னத்தையும் தரவில்லை. மரோவும் பிரென்ட்லியும் தம் கைப்பணத்தில் பத்திரிகை விளம்பரம் இட்டனர். பதில் சொல்ல மக்கார்த்திக்கும் நேரம் வழங்கப்பட்டது. ஏப்ரல் 6இல் அவர் வந்து, மரோவையே கொமியூனிஸ்டுகளின் ஆள் என்றார். அவ்வாண்டு டிசம்பர் 2இல், 67 வாக்குகளுக்கு 22 என்ற கணக்கில் செனட் சபை மக்கார்த்தியைக் கண்டித்தது.

மரோ ஒருவரே மக்கார்த்தியை வீழ்த்தினார் என்று சொல்வோர் உளர். நாம் அதை ஏற்கமாட்டோம். பத்திரிகையாளர் பலர் முன்னமே எழுதியிருந்தனர். இராணுவத்தோடு மோதியதும் மக்கார்த்திக்கு வினையாயிற்று. மரோ காலந் தாழ்த்தியே பேசினார் என்ற குறையும் உண்டு. ஆயினும், கோடிக்கணக்கான வீடுகளில் ஒரே இரவில் பேசும் கருவி அவர் கையில் இருந்தது. அதனை அவர் பயன்படுத்தினார். அதே கருவியைக் கையில் வைத்திருந்த மற்றையோர் என்ன செய்தார்கள்?

இதற்கு விலையும் கொடுத்தார். 1955இல் அலுமினியக் கம்பனி தன் விளம்பர ஆதரவை விலக்கிக்கொண்டது. பொழுதுபோக்கு நிகழ்ச்சிகளிலேயே இலாபம் அதிகம் என்று நிறுவனம் கண்டுகொண்டது. வாராந்த நிகழ்ச்சி எப்பொழுதாவது வரும் நிகழ்ச்சியாகி, 1958இல் நின்றுபோயிற்று. இடையில், நடிகர் நடிகையரின் வீட்டுக் கூடத்தைக் காட்டிப் பேட்டி காணும் நிகழ்ச்சி ஒன்றையும் மரோ நடத்தினார் என்பதை மறைக்க வேண்டியதில்லை. ஊரார் அதையே பெரிதும் விரும்பினர்.

கமக்காரர்களே, இனி உங்களுக்கு உரியது. 1960 நவம்பர் 25ஆம் நாள், அமெரிக்கர் நன்றி நாள் விருந்துண்ட மறுநாள், ‘வெட்கத்தின் அறுவடை’ என்னும் படத்தை மரோ வழங்கினார். முன்னாள் மேசையில் இருந்த காய்கறியைப் பறித்தவர் யார் என்பதே அதன் பொருள். புளோரிடாவில் விடியற்காலையிற் கூலியாட்களைக் கூவி அழைத்து லொறியில் ஏற்றுகிறார்கள். பயிர் விளையும் இடமெல்லாம் அக்குடும்பங்கள் வடக்கு நோக்கி அலைகின்றன. போஞ்சி பறித்த தாய் ஒருத்தி, ஒரு நாட் கூலி ஒரு டொலர் என்கிறாள். முன்பு அடிமைகளை விலைக்கு வாங்கினோம், இப்பொழுது வாடகைக்கு எடுக்கிறோம் என்று நிலச்சொந்தக்காரர் ஒருவர் கூறியதாகப் படத் தொடக்கத்திலேயே மரோ சொல்கிறார். பண்ணையாரின் சங்கங்கள் சீறி எழுந்தன. நாமும் கூலிக்கு ஆள் பிடித்து வெங்காயம் கிண்டுகிறவர்களே. அப்படத்தைப் பார்க்கும்போது நாம் எந்தப் பக்கத்தில் நிற்கிறோம் என்ற கேள்வி எழாமற் போகாது.

அடுத்து நடந்ததைச் சொல்ல நமக்கு மனம் வரவில்லை; சொல்லாது விடுதலும் நேர்மையன்று. 1961இல் ஜனாதிபதி கென்னடி, மரோவை அரசாங்கத் தகவற் பகுதியின் தலைவராக்கினார். வெளிநாடுகளில் அமெரிக்காவின் நற்பெயரைக் காப்பது அவர் கடமையாயிற்று. ‘வெட்கத்தின் அறுவடை’யைக் காட்ட பீ.பீ.சீ. ஆயத்தமானது. மரோ அதன் தலைவருக்குத் தொலைபேசியிற் பேசி, தாமே வழங்கிய அந்தப் படத்தைக் காட்டாதிருக்குமாறு கேட்டார்! பீ.பீ.சீ. இணங்கவில்லை; படம் காட்டப்பட்டது. செய்தி வெளியாகவே மரோ நாணினார். வெளியில் நின்றபோது உரத்த குரலில் உண்மை பேசி, நாற்காலியில் அமர்ந்ததும் குரலை மாற்றிக்கொண்டவர்களை நாம் இங்கும் கண்டிருக்கிறோம். அவர்களிற் பலர் நாணியதில்லை என்பதே வேற்றுமை.

புகையிலை நடும் அன்பர்கள் பொறுத்தருள்க. சிகரெட் இல்லாத கையோடு மரோவைத் தொலைக்காட்சியிற் கண்டவர் அரியர். 1955இல் சிகரெட்டையும் நுரையீரற் புற்றுநோயையும் பற்றி இரு பகுதியாக நிகழ்ச்சி நடத்தியவரும் அவரே. அறிந்தும் விடமுடியவில்லை. 1963இல் ஒரு நுரையீரலை அகற்றினர். அடுத்த ஆண்டு பதவியை விட்டார். 1965 ஏப்ரல் 27இல், ஐம்பத்தேழு வயது நிறைந்த இரண்டாம் நாள், நியூயோர்க் மாநிலத்திலுள்ள தமது பண்ணை வீட்டிற் காலமானார்.

2005இல் அவர் கதை திரைப்படமாயிற்று. 2025இல் அது நாடகமேடை ஏறி, ஜூன் மாதத்தில் தொலைக்காட்சியில் நேரடியாகவும் காட்டப்பட்டது. கமத்தொழிலாளர் படம் ஏறத்தாழ ஒரு மணி நேரம் ஓடும். தலைவர் அவர்கள் இசைந்தால், அடுத்த கூட்டத்தில் அதனை இங்கேயே திரையிட்டு, கூலி கொடுப்பவரும் கூலி வாங்குபவரும் ஒருங்கிருந்து பார்க்க ஏற்பாடு செய்யலாம்.