தில்லியிலிருந்து நெப்டியூனுக்கு

பாடப் புத்தகப் படங்களில் கிரகங்கள் மணிகோத்தாற்போல் சூரியனை நெருங்கி நிற்கின்றன. ஒரே தாளில் உருவத்தையும் தூரத்தையும் ஒரே விகிதத்தில் வரைய இயலாமையே அதற்குக் காரணம். ஆதலால் நாம் ஊருக்குச் செல்லும் ரயிற்பாதையையே அளவுகோலாகக் கொள்வோம்.

புது தில்லியிலிருந்து சென்னைக்கு ஏறத்தாழ 2,180 கிலோமீட்டர். சூரியனைப் புது தில்லியிலும், அதற்கு 450 கோடி கிலோமீட்டர் அப்பாலுள்ள நெப்டியூனைச் சென்னையிலும் வைப்போம். பூமி 72-ஆவது கிலோமீட்டரிலேயே வந்துவிடுகிறது. செவ்வாயும் மதுராவுக்கு முன்பே போய்விடும். பிறகுதான் வெறுமை தொடங்குகிறது. வியாழனைக் காண ஜான்சியை நெருங்கவேண்டும். சனி இருப்பது போபாலில். நம் நவக்கிரகங்களுள் இடம்பெறாத யுரேனஸோ, நாகபுரியையும் பல்லார்ஷாவையும் கடந்த பின்னரே தென்படும்.

இத்துணை நீண்ட பாதையில் சூரியனின் குறுக்களவு 700 மீட்டர்கூட இல்லை. நாம் ஏறிய ரயிலின் நீளத்தைச் சற்றே விஞ்சும், அவ்வளவுதான். பூமி ஒரு பெட்டியில் கால் பங்கு. சந்திரன் அதனின்று எட்டுப் பெட்டித் தொலைவில் இருக்கும். மனிதன் காலடி வைத்தது அந்த எட்டுப் பெட்டித் தொலைவு வரையில்தான்.

சூரிய ஒளி நான்கு மணி நேரத்திற்குச் சற்று மேற்பட்ட பொழுதில் நெப்டியூனை எட்டிவிடுகிறது. 1977-இல் ஏவப்பட்ட வாயேஜர்-2 விண்கலமோ 1989-இல்தான் அங்குச் சென்றது.

சூரியனுக்கு அடுத்த விண்மீன் பிராக்சிமா சென்டாரி. நம் அளவுகோலில் அதற்குப் பூமியில் இடமே இல்லை. வானிலுள்ள மெய்யான சந்திரனின் தொலைவைப்போல் ஐம்பது மடங்கு அப்பால் அதனை வைத்தாகவேண்டும்.