ஒரே பானை, ஒரே பந்தி: வீட்டிலேயே கோழித் தக்கடி



வீட்டில் ஒருவருக்கு இனிப்புநீர் என்று டாக்டர் சொன்ன மறுநாளே பல குடும்பங்களில் தனிச் சமையல் தொடங்கிவிடுகிறது. எல்லாரும் குழம்பும் கறியும் சாப்பிட, அவருக்கு மட்டும் ஓரமாக உப்பில்லாத கஞ்சி வைக்கப்படுகிறது. இரண்டு வாரம் பொறுத்துக்கொள்வார். மூன்றாவது வாரம் வீட்டுக்குத் தெரியாமல் கடைக்குப் போவார். இதில் குற்றம் அவருடையது அல்ல. நோயைத்தான் ஒதுக்க வேண்டும்; மனிதரை ஒதுக்கிவிடுகிறோம்.

ஆகவே இன்று எல்லாரும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடக்கூடிய ஒரு பானைச் சமையலைப் பற்றிப் பேசுவோம். அதன் பெயர் தக்கடி. காயல்பட்டினம், கீழக்கரை போன்ற ஊர்களின் தமிழ் முஸ்லிம் வீடுகளில் பெயர் பெற்ற உணவு இது. அரிசி மாவு உருண்டைகளைக் கறிக்குழம்பிலேயே வேகவைப்பார்கள். கேரளத்துக் கிறிஸ்தவர்கள் கோழிக்கறியோடு உண்ணும் ‘பிடி’யும் இதற்கு உறவுதான். வழக்கமாக ஆட்டிறைச்சி சேர்ப்பார்கள். நாம் தோல் நீக்கிய கோழியில் செய்வோம்.

ஏன் இந்தக் கவனம்?

2023ஆம் ஆண்டின் தேசிய சுகாதார ஆய்வின்படி, மலேசியாவில் வயது வந்தோரில் 15.6 விழுக்காட்டினருக்கு, அதாவது ஏறத்தாழ ஆறு பேரில் ஒருவருக்கு, நீரிழிவு நோய் உள்ளது. உயர் இரத்த அழுத்தமோ 29.2 விழுக்காட்டினருக்கு. நீரிழிவு உள்ளவர்களில் பலர் அதை அறியாமலேயே நடமாடுகிறார்கள். பிரிக்ஃபீல்ட்ஸில் இருந்தாலும் கிள்ளானில் இருந்தாலும், இந்தக் கணக்குக்கு வெளியே நம்மில் எந்தக் குடும்பமும் இல்லை.

தேவையான பொருள்கள் (5 பேருக்கு)

தோல் நீக்கிய கோழி 600 கிராம், அரிசி மாவு 240 கிராம், துருவிய தேங்காய் 4 மேசைக்கரண்டி, சின்ன வெங்காயம் 15, தக்காளி 2, பச்சை மிளகாய் 2, இஞ்சி பூண்டு விழுது 1 மேசைக்கரண்டி, மிளகாய்த்தூள், மல்லித்தூள், சோம்புத்தூள், மஞ்சள்தூள் தேவைக்கு, எண்ணெய் 2 மேசைக்கரண்டி, கறிவேப்பிலை, ரம்பை இலை சிறிது, ஒரு கைப்பிடி முருங்கைக்கீரை, உப்பு 1 தேக்கரண்டி. மாவுக்கும் குழம்புக்கும் சேர்த்தே இந்த ஒரு தேக்கரண்டி உப்புதான்.

செய்யும் முறை

முதலில் கோழி. உறைந்த கோழியை முதல் நாள் இரவே குளிர்பெட்டியின் கீழ்த்தட்டில் வையுங்கள். சிங்க்கில் போட்டு வைக்காதீர்கள். பச்சைக் கோழியைக் குழாயடியில் கழுவவும் வேண்டாம். தெறிக்கும் நீரோடு கிருமிகள் பக்கத்திலுள்ள தட்டுக்கும் காய்கறிக்கும் பரவும். கிருமியைக் கொல்வது சூடுதான், தண்ணீர் அல்ல. கோழி வெட்டிய பலகையையும் கத்தியையும் சோப்புப் போட்டுக் கழுவிய பிறகே வெங்காயம் நறுக்குங்கள். கைகளையும் கழுவுங்கள்.

அரிசி மாவை வெறும் சட்டியில் இளந்தீயில் 5 நிமிடம் வறுங்கள். மணம் வரவேண்டும், நிறம் மாறக்கூடாது. ஆறியதும் தேங்காய், பாதி வெங்காயம், பச்சை மிளகாய், முருங்கைக்கீரை, அரைத் தேக்கரண்டி உப்பு சேர்த்துக் கலந்து வையுங்கள்.

மீதி வெங்காயத்தை எண்ணெயில் வதக்கி, இஞ்சி பூண்டு, கறிவேப்பிலை, ரம்பை இலை, தக்காளி, தூள் வகைகள், மீதி உப்பு, கோழி என்று வரிசையாகச் சேர்த்துக் கிளறுங்கள். 6 கிண்ணம் தண்ணீர் ஊற்றி, மூடி, 20 நிமிடம் வேகவிடுங்கள்.

இப்போது கொதிக்கும் குழம்பிலிருந்து ஒன்றரைக் கிண்ணம் அளவுக்குச் சாற்றை எடுத்து, சிறிது சிறிதாக மாவில் ஊற்றிக் கரண்டிக் காம்பால் கிளறுங்கள். கை பொறுக்கும் சூட்டில் பிசையுங்கள். உருட்டும்போது விரிசல் விட்டால் இன்னும் கொஞ்சம் சாறு தேவை; கையில் ஒட்டினால் சிறிது மாவு தூவுங்கள். 24 உருண்டைகளாகப் பிடித்து, ஒவ்வொன்றையும் விரலால் இலேசாக அழுத்துங்கள். அப்போதுதான் நடுப்பகுதியும் வேகும்.

குழம்பு தளதளவென்று கொதிக்கும்போது ஒவ்வொன்றாகப் போடுங்கள். உடனே கரண்டி போடாதீர்கள், உடைந்துவிடும். மூடி 15 நிமிடம் வேகவைத்து, ஒன்றைப் பிட்டுப் பாருங்கள். உள்ளே வெள்ளை மாவு தெரியக்கூடாது. கோழியிலும் எலும்போரம் சிவப்புச் சாறு வரக்கூடாது.

ஒன்றைக் கவனித்தீர்களா? உருண்டையிலிருந்து கரையும் மாவே குழம்பைக் கெட்டியாக்கிவிடும். ஆகவே கெட்டித் தேங்காய்ப்பால் தேவையில்லை. எலும்போடு வெந்த கோழியே சுவை தருவதால் சூப்புக் கட்டியும் தேவையில்லை. அந்தப் பொட்டலத்தின் பின்புறத்தைப் படித்துப் பாருங்கள். பெரும்பாலும் உப்புதான் முதலில் எழுதியிருக்கும். உலகச் சுகாதார நிறுவனம் ஒருவருக்கு ஒரு நாள் முழுவதற்கும் பரிந்துரைக்கும் உப்பு 5 கிராமுக்கும் குறைவு. அது ஏறத்தாழ ஒரு தேக்கரண்டி. இந்தப் பானையில் ஒருவர் பங்குக்குச் சேர்த்த உப்பு சுமார் 1 கிராம்தான்.

எத்தனை உருண்டை?

தக்கடியே மாவுச்சத்து. ஆகவே அதனுடன் சோறு வேண்டாம். இதுதான் மிக முக்கியம். ஓர் உருண்டையில் சுமார் 8 கிராம் மாவுச்சத்து இருக்கும். நான்கு உருண்டை, இரண்டு துண்டு ரொட்டிக்குச் சமம். இனிப்புநீர் உள்ளவர் நான்கில் தொடங்கலாம். உணவியல் அதிகாரி உங்களுக்கென அளவு சொல்லியிருந்தால் அதையே பின்பற்றுங்கள்.

சுகாதார அமைச்சு சொல்லும் ‘சுகு-சுகு செபாரு’ தட்டை நினைவில் கொள்ளுங்கள்: கால் தட்டு தக்கடி, கால் தட்டு கோழி, அரைத் தட்டு காய்கறியும் பழமும். கங்கோங் பிரட்டலோ, வெள்ளரிக்காயோ, பசாரில் அன்று மலிவாகக் கிடைக்கும் கீரையோ போதும். பழத்தில் ஒரு துண்டு போதும். குடிப்பதற்கு வெறும் தண்ணீர், சீராப் வேண்டாம்.

இன்சுலின் போடுகிறவர்கள் சாப்பாட்டைத் தள்ளிப்போடவோ, மருந்தைத் தாமாகக் கூட்டிக் குறைக்கவோ கூடாது. சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் எவ்வளவு கோழி சாப்பிடலாம் என்று முதலில் டாக்டரிடம் கேளுங்கள். சின்னப் பிள்ளைகளுக்கு எலும்பை எடுத்துவிட்டு, உருண்டையைச் சிறிதாகப் பிட்டுக் கொடுங்கள்.

மீந்ததை இரவு முழுவதும் அடுப்பின் மேல் விட்டுவைக்காதீர்கள். நம் நாட்டு வெப்பத்தில் கிருமி வேகமாகப் பெருகும். இரண்டு மணி நேரத்துக்குள் சிறு பாத்திரங்களில் பிரித்துக் குளிர்பெட்டியில் வையுங்கள். மறுநாள் நன்றாகக் கொதிக்கவைத்துச் சாப்பிடுங்கள்.

கடைசியாக ஒன்று. உங்கள் வீட்டில் பெரியவர்கள் இரத்தத்தில் சர்க்கரையைப் பரிசோதித்து எவ்வளவு காலம் ஆயிற்று? தெரியவில்லை என்றால், இந்த வாரமே அருகிலுள்ள அரசாங்கச் சுகாதாரக் கிளினிக்குக்கு அழைத்துப் போங்கள். வந்ததும் ஒரு பானை தக்கடி வையுங்கள். அவருக்கென்று தனித் தட்டு வேண்டாம், எல்லாரோடும் சேர்ந்தே சாப்பிடட்டும்.