நம் பெயரை நாமே சொல்வோம்
(மட்டாஞ்சேரியில் நடைபெற்ற நமது சங்கக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



கூலியைப் பற்றியும் வாடகையைப் பற்றியும் பேசுகிற இந்த மேடையில் இன்று பெயரைப் பற்றிப் பேச வந்திருக்கிறோம். 'இதென்ன வேலையற்ற வேலை?' என்று சிலர் நினைக்கலாம். கடைசி வரை கேளுங்கள். கூலிக்கும் பெயருக்கும் உள்ள உறவு தானே விளங்கும்.

நம்மவர் ஒருவர் பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கப் போனார். "வீட்டுப்பேரு எந்தா?" என்று கேட்டார் அங்கிருந்தவர். இவர் வெள்ளந்தியாக, "வாடக வீடு சார்" என்றார். கேட்டவர் சிரிக்கவுமில்லை, திருப்பிக் கேட்கவுமில்லை. 'வாடகவீடு' என்றே எழுதிவிட்டார். பத்தாம் வகுப்புச் சான்றிதழ் வரை வாடகை வீடும் அந்தப் பிள்ளையோடு கூடவே வந்தது. நாம் சிரிக்கிறோம். அதைத் திருத்துவதற்கு அந்தத் தகப்பனார் இழந்த கூலி நாட்களை எண்ணிப் பார்த்தால் சிரிப்பு வராது.

மலையாளிகளுக்கு வீட்டுப்பெயர் உண்டு. தெற்கே இருந்தால் தெக்கேவீடு, புதிதாகக் கட்டினால் புத்தன்வீடு. கொங்கணிகளுக்கு பை, ஷேணாய், காமத்து என்று குடும்பப் பெயர்கள். குஜராத்தி வீதியில் ஷாவும் மேத்தாவும் இருக்கிறார்கள். யூதத் தெருவில் கோடர், ஹலேகுவா என்ற குடும்பங்கள் வாழ்ந்தன. இத்தனை பேருக்கும் பின்பெயர் இருக்கிறது, நமக்கு மட்டும் ஏன் இல்லை? நாம் குலம் கோத்திரம் அற்றவர்களா?

அல்ல, தோழர்களே! நம் பக்கத்து வீட்டுப் பெர்னாண்டஸைப் பாருங்கள். போர்ச்சுகீசியர் விட்டுச் சென்ற பெயர் அது. பொருள் என்ன தெரியுமா? பெர்னாண்டோவின் மகன். ரொட்ரிகஸ் என்றால் ரொட்ரிகோவின் மகன். பெரேரா என்றால் பேரிக்காய் மரம்! என்றோ ஒரு தகப்பனுடைய பெயர் பரம்பரைக்கும் ஒட்டிக்கொண்டது, அவ்வளவுதான். நாமோ ஒவ்வொரு தலைமுறையிலும் பெற்ற தகப்பனின் பெயரைத் தலைப்பெழுத்தாகப் போடுகிறோம். அவர்களுடையது உறைந்துவிட்ட இனிஷியல். நம்முடையது ஓடிக்கொண்டிருக்கிற இனிஷியல். இதில் உயர்வென்ன, தாழ்வென்ன?

நம் வழக்கம் நேற்று வந்ததுமல்ல. சங்கப் புலவர்களின் பெயர்களைப் பாருங்கள். மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார்: ஊர், தகப்பனாரின் தொழில், தன் பெயர் மூன்றும் அதில் உண்டு. மதுரைக் கூலவாணிகன் சாத்தனார் தானியம் விற்றவர். தங்கால் பொற்கொல்லன் வெண்ணாகனார் நகை செய்தவர். கரூருக்கு அருகே புகளூர் மலைக் கல்வெட்டில் 'கரூர்ப் பொன்வாணிகன்' ஒருவன் தன் ஊரையும் தொழிலையும் சேர்த்தே பெயர் வெட்டி வைத்தான். கீழடியில் கிடைத்த பானை ஓடுகளில் 'ஆதன்', 'குவிரன்' என்று கீறியிருக்கிறது. அவர்கள் ஊரைச் சொன்னார்கள், தொழிலைச் சொன்னார்கள், தகப்பனைச் சொன்னார்கள். உழைப்பைப் பெயரோடு சேர்த்துச் சொல்ல வெட்கப்படாத சமுதாயம் அது.

பின்னர் வந்ததுதான் சாதிப் பட்டம். அதையும் நாம் சும்மா இழக்கவில்லை, வேண்டுமென்றே உதறினோம். 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் கூடிய முதலாவது சுயமரியாதை மாநாடு, பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடலாகாது என்று தீர்மானித்தது. ஈ. வெ. ராமசாமி நாயக்கர் என்றிருந்த பெரியார் ஈ. வெ. ராமசாமி ஆனார். ஆகவே பாரத்தில் காலியாகக் கிடக்கிற அந்தக் கட்டம் நம் குறையல்ல. ஒரு போராட்டத்தின் தழும்பு அது.

இந்த மண்ணிலும் அப்படி ஒருவர் இருந்தார். காயலுக்கு அக்கரையில், வைப்பின் தீவிலுள்ள செறாயியில், 1917-ஆம் ஆண்டு வெவ்வேறு சாதியாரை ஒரே பந்தியில் உட்கார வைத்தார் அய்யப்பன். வெகுண்டவர்கள் 'புலயன் அய்யப்பன்' என்று ஏசினார்கள். அவரோ அந்த ஏச்சையே பட்டமாக ஏற்றுக்கொண்டார். சகோதரன் அய்யப்பன் என்று நாடு போற்றுகிறவர் அவரே.

ஏச்சு என்றவுடன் நம் நினைவுக்கு வருவது எது? 'பாண்டி!' மதுரையை ஆண்ட ஓர் அரச குலத்தின் பெயர், லாரியில் மூட்டை ஏற்றுகிறவனைக் கூப்பிடும் வசைச்சொல் ஆகிவிட்டது. அண்ணனை மரியாதையாக அழைக்கும் 'அண்ணாச்சி'யும் இங்கே ஆளுக்கொரு பெயர் வேண்டாத கூட்டத்தின் பெயராகிவிட்டது. இது நமக்கு மட்டும் நேர்ந்ததல்ல. 1860-இல் முதல் ஒப்பந்தக் கப்பல் சென்னையிலிருந்து நேட்டாலுக்குப் போனது. முத்துசாமி, ராமசாமி என்று போனவர்களை வெள்ளைக்காரன் 'சாமி' என்று ஒரே பெயரால் அழைத்தான். தன்னையறியாமல் கூலிக்காரனை 'எசமானே' என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தான்! அங்கே எழுத்தர்கள் எழுதியபடியே முதலியார் 'மூட்லி' ஆனார், கவுண்டர் 'கவெண்டர்' ஆனார். பேரப்பிள்ளைகளுக்கும் அதுவே நிலைத்தது. அன்று ஒருவன் தவறாக எழுதினான். நூறாண்டு கழித்தும் அழியவில்லை.

அவ்வளவு தூரம் போவானேன்? நம் மட்டாஞ்சேரியையே எடுத்துக்கொள்வோம். கொச்சித் துறைமுகத்தில் அந்நாளில் 'சாப்பா' முறை இருந்தது. உலோக வில்லைகளைக் கூட்டத்தில் வீசுவார்கள். அடித்துப் பிடித்து எடுத்தவனுக்கே அன்றைய வேலை. அவன் பெயர் என்னவென்று கேட்பாரில்லை; வில்லைதான் அவன். அந்த முறையை எதிர்த்து 1953-இல் தொழிலாளர் எழுந்தார்கள். செப்டம்பர் 15 அன்று போலீஸ் சுட்டது. சைது, சைதலவி, ஆண்டணி என்ற மூன்று தோழர்களை அந்தப் போராட்டம் பலிகொண்டது. வில்லையாக வாழ மறுத்தவர்களின் பெயர்களை இந்த ஊர் இன்றும் சொல்கிறது.

இன்று வில்லை இல்லை. ஆனால் மேஸ்திரியின் நோட்டில் என்ன எழுதியிருக்கிறது? சாரத்திலிருந்து விழுந்து கால் ஒடிந்த நம் தோழர் ஒருவருக்காக நஷ்டஈடு கேட்கப் போனோம். நோட்டைப் பிரித்துக் காட்டினார்கள்: 'பாண்டி – 3 ஆள்.' அந்த மூவரில் இவர் ஒருவர் என்று நிரூபியுங்கள் என்றார்கள். கூலிக்கும் பெயருக்கும் உறவு என்ன என்று இப்போது புரிகிறதா?

பிறரைச் சொன்ன வாயால் நம்மையும் சொல்லிக்கொள்ள வேண்டும். முதல் பிள்ளைகள் தவறிப்போனால் அடுத்ததைக் குப்பையில் புரட்டிக் குப்பன், குப்பம்மாள் என்று பெயரிட்டோம். அதிலாவது, பிள்ளை பிழைக்க வேண்டுமென்ற தவிப்பு இருந்தது. 'போதும்பொண்ணு' என்று வைத்தோமே, அதில் என்ன இருந்தது? வாழ்நாள் முழுதும் தன்னை வேண்டாமென்று சொல்லும் பெயரைச் சுமந்து நம் அக்கா தங்கைகள் நடந்தார்கள். பாட்டன் பெயரைத் தாங்குவதால் பெயரன். பேரன் என்பது அதன் மருவல். பேத்திக்கும் பாட்டியின் பெயரைப் பெருமையோடு சூட்டுவோம்.

சரி, செய்ய வேண்டியது என்ன?

முதலாவது, குழந்தை பிறந்த 21 நாட்களுக்குள் பிறப்பைப் பதிவு செய்யுங்கள். பெயர் முடிவாகாமல் பதிந்திருந்தால், 12 மாதத்துக்குள் கட்டணமின்றியும், அதன்பின் 15 ஆண்டு வரை தாமதக் கட்டணம் செலுத்தியும் பெயரைச் சேர்க்கலாம்.

இரண்டாவது, ரேஷன் கார்டு, ஆதார், பள்ளிப் பதிவேடு, வங்கிப் புத்தகம் எல்லாவற்றிலும் ஒரே பெயர், ஒரே எழுத்து இருக்கட்டும். ஊரில் முன்னால் போடும் இனிஷியலை இங்கே பின்னால் போட்டுவிடுவார்கள். அப்போதே பார்த்துச் சொல்லுங்கள். வளைகுடாவுக்குப் போக நினைக்கிற தம்பிகள் கூடுதலாகக் கவனிக்க வேண்டும். 2022 நவம்பரில், பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் இருந்தால் அனுமதியில்லை என்று ஐக்கிய அரபு அமீரகம் அறிவித்தபோது நம்மவர் பலர் திகைத்தார்கள்.

மூன்றாவது, பின்பெயர்க் கட்டத்தை நிரப்பித்தான் தீரவேண்டுமென்றால் தகப்பன் பெயரை எழுதுங்கள், தாயின் பெயரை எழுதுங்கள், ஊர்ப் பெயரை எழுதுங்கள். கட்டம் காலியாக இருக்கிறதே என்பதற்காக, உதறிய சாதியைத் திரும்ப அழைத்துவந்து உட்கார வைக்காதீர்கள்!

நான்காவது, வேலைக்குச் சேரும் அன்றே, "என் பெயரை எழுதுங்கள்" என்று கேளுங்கள். எழுதியதைப் படித்துக் காட்டச் சொல்லுங்கள். எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் சங்கத்துக்கு வாருங்கள்; நாம் உடன் வருகிறோம்.

தோழர்களே! அந்த வாடகவீட்டுப் பிள்ளை இப்போது நம்மிடையேதான் உட்கார்ந்திருக்கிறாள். திருத்திய சான்றிதழ் சென்ற மாதம் வந்துவிட்டது. இன்றைய வருகைப் புத்தகத்தில் தன் பெயரையும், அதன் பக்கத்தில் தாய் தகப்பன் இருவருடைய பெயரையும் முழுதாக எழுதியிருக்கிறாள். போகும்போது ஒவ்வொருவரும் அந்தப் புத்தகத்தில் பெயரை எழுதிவிட்டுப் போங்கள். இனிஷியலை மட்டும் போடாதீர்கள். முழுப் பெயரையும் எழுதுங்கள்.