ஹீராக்காரனுக்கு மருத்துவமா?

பக்தாத் என்றதும் மந்திர விளக்கும் மாயக் கம்பளமும் நினைவுக்கு வரும். அவை கிடக்கட்டும்! அந்நகரில் மருத்துவம் பயில வந்த மாணவன் ஒருவனைக் காட்டுகிறேன், காணுங்கள்.

ஒன்பதாம் நூற்றாண்டு. ஹுனைன் இப்னு இஸ்ஹாக் அவன் பெயர். ஊர் ஹீரா. கிறித்தவன். ஆசிரியர் இப்னு மாசவைஹியும் கிறித்தவரே. மாணவன் கேள்வி கேட்டான், மேலும் கேட்டான், ஓயாது கேட்டான். சீறினார் ஆசிரியர். ஹீராக்காரனுக்கு மருத்துவம் எதற்கு, தெருவில் காசு மாற்றிப் பிழைத்துக்கொள் என்று விரட்டினாராம் — பழைய வரலாற்று நூல்கள் பகர்கின்றன. பிறந்த ஊர் குற்றமாயிற்று! கேட்ட கேள்வி குற்றமாயிற்று!

அழுதுகொண்டே வெளியேறியவன் கிரேக்கம் கற்றுத் திரும்பினான். இனி அவனை 'அவர்' என்போம்.

மருத்துவ மேதை கேலனின் நூலொன்றைத் தேடி சிரியா, பாலத்தீனம், எகிப்து என அலைந்தார். டமாஸ்கசில் பாதிதான் கிடைத்தது. ஏடுகள் பலவற்றை ஒப்பிட்டுப் பிழை களைந்த பின்பே மொழிபெயர்ப்பார். இருபது வயதில் பெயர்த்ததை நாற்பதில் மீண்டும் செப்பனிட்டார். கேலனின் 129 நூல்களுக்கு, எதை எவர் எவருக்காகப் பெயர்த்தார் என்று கணக்கும் எழுதிவைத்தார்.

பொருளை வாரி வழங்கியோர் யார்? இசுலாமியப் பெருமக்கள்! மூசாவின் மைந்தர்கள் மொழிபெயர்ப்போருக்குத் திங்கள்தோறும் 500 தீனார் அளித்தனர் என்பர். கிரேக்கனின் அறிவு, கிறித்தவரின் உழைப்பு, இசுலாமியரின் செல்வம் — அரபு மொழி வளர்ந்தது!

அந்தக் கணக்கேட்டில், நூல்களைப் பெயர்த்துத் தருமாறு கேட்டோர் வரிசையில் ஒரு பெயர் இருக்கிறது. இப்னு மாசவைஹி!