ஐந்து நாள் நின்ற துறைமுகம்

(மேல்சித்தாமூரில் ஆலைத் தொழிலாளர், விவசாயத் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



நமக்குக் கடல் வெகுதூரத்தில் இல்லை. திண்டிவனத்தைத் தாண்டிப் போனால் மரக்காணம். உப்பளத்தில் வேலை செய்தவர்கள் இங்கேயும் இருப்பீர்கள். ஆனால் யுத்தக் கப்பல்கள் வரிசையாக நிற்கும் துறைமுகத்தை நம்மில் பலர் கண்ணால் பார்த்ததில்லை. அப்படிப்பட்ட ஒரு துறைமுகத்தைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன். அது பம்பாய், இப்போது மும்பை என்கிறோம். 1946 பிப்ரவரியில் அந்தத் துறைமுகத்து யுத்தக் கப்பல்கள் ஐந்து நாள் வெள்ளை அதிகாரியின் உத்தரவுக்கு அசையவில்லை. அது எப்படி நடந்தது?

யுத்தக் கப்பல் என்றால் நமக்குப் பீரங்கிதான் நினைவுக்கு வரும். ஆலைத் தோழர்களுக்குப் பாய்லர் தெரியும். அந்தக் காலத்துக் கப்பலின் வயிற்றிலும் பாய்லர்தான். அதன் சூட்டில் நின்று ஆள் வேலை செய்தால்தான் நீராவி ஏறும். நீராவி ஏறினால்தான் கப்பல் நகரும். கயிறு இழுக்க ஆள், சமைக்க ஆள், விளக்காலும் கொடியாலும் சேதி சொல்ல ஆள், கம்பியில்லாத் தந்தி கேட்க ஆள் வேண்டும். கண்ணிவெடி வாருகிற கப்பல், காவல் கப்பல், துருப்புகளைக் கரையிறக்கும் படகு எல்லாவற்றுக்கும் இதுதான் கதை. வடம் பிடிக்க ஆளில்லாத தேர் நிலையை விட்டு நகருமா?

அந்த ஆட்கள் யார்? 1939-ல் யுத்தம் தொடங்கியபோது இந்தியக் கப்பற்படையில் மாலுமிகள் இரண்டாயிரம் பேர்கூட இல்லை. யுத்தம் முடிந்தபோது அது பல மடங்கு பெருகிவிட்டது. பஞ்சாபி, வங்காளி, மராத்தி, மலையாளி, தமிழன் எல்லோரும் இருந்தார்கள். சம்பளம் வெள்ளை மாலுமியைவிடக் குறைவு. சோற்றில் கல். வாயைத் திறந்தால் இனத்தைச் சொல்லி வசவு. யுத்தம் முடிந்ததும் வீட்டுக்குப் போ என்றார்கள். வேலைக்கு வழி சொல்லவில்லை.

பம்பாய்க் கரையில் ‘தல்வார்’ என்ற கப்பற்படைத் தந்திப் பள்ளி இருந்தது. அதன் சுவர்களில் ‘வெள்ளையனே வெளியேறு’ என்று எழுதியதற்காக பி.சி.தத் என்ற மாலுமி பிப்ரவரித் தொடக்கத்தில் கைதானார். பிப்ரவரி 18 காலையில் தல்வார் மாலுமிகள் சாப்பாட்டைத் தொடவில்லை. நல்ல சாப்பாடு இல்லையேல் வேலையும் இல்லை என்றார்கள். தந்தி அவர்கள் கையில் இருந்தது. கப்பலுக்குக் கப்பல், துறைமுகத்துக்குத் துறைமுகம் சேதி பறந்தது. கராச்சியில் ‘ஹிந்துஸ்தான்’ கப்பல் எழுந்தது. கல்கத்தாவிலும் சென்னையிலும் மாலுமிகள் வேலையை நிறுத்தினார்கள். 78 கப்பல்கள், 20 கரை நிலையங்கள், ஏறத்தாழ 20,000 மாலுமிகள்!

பம்பாயில் பிரிட்டிஷ் கொடி இறங்கியது. காங்கிரஸ் கொடி, லீக் கொடி, செங்கொடி மூன்றும் ஒன்றாகக் கப்பல்களில் ஏறின. வேலைநிறுத்தக் கமிட்டிக்குத் தலைவர் எம்.எஸ்.கான், துணைத் தலைவர் மதன்சிங். ஒருவர் முஸ்லிம், மற்றவர் சீக்கியர். அவர்கள் சோற்றுக்கும் சம்பளத்துக்கும் மட்டும் கேட்கவில்லை. இந்திய தேசிய ராணுவத்துக் கைதிகளை விடு என்றார்கள். இந்தோனேசிய மக்களை ஒடுக்க அனுப்பிய இந்தியச் சிப்பாய்களைத் திரும்பக் கூப்பிடு என்றார்கள். அடுத்த நாட்டு ஏழையைச் சுட என் கையைத் தரமாட்டேன் என்பது எவ்வளவு பெரிய வார்த்தை, தோழர்களே!

பிப்ரவரி 21-ல் படைமுகாமை வெள்ளைத் துருப்புகள் சூழ்ந்தன. துப்பாக்கிச் சண்டை நடந்தது. கப்பற்படையே அழிந்தாலும் சரி, அடக்கியே தீருவேன் என்று தளபதி காட்ஃப்ரே மிரட்டினார். மாலுமிகளைப் பட்டினி போட்டுப் பணியவைக்கப் பார்த்தார்கள். பம்பாய் மக்கள் ரொட்டியும் பாலும் பழமும் சுமந்து கடற்கரைக்கு வந்தார்கள். கடைக்காரர்களும் விலை கேட்காமல் கொடுத்தார்கள். 22-ந் தேதி கம்யூனிஸ்ட் கட்சியின் அறைகூவலை ஏற்று ஆலைகள் நின்றன. தெருவில் ராணுவம் இறங்கியது. பரேல் ஆலைப் பகுதியில் கமல் தோண்டே என்ற பெண் தோழர் குண்டுக்குப் பலியானார். சர்க்கார் கணக்கிலேயே செத்தவர்கள் இருநூறுக்கு மேல். 1936 ஜூலை 30-ல் புதுச்சேரி ஆலைத் தொழிலாளர் 12 பேரைப் பிரெஞ்சு சர்க்கார் சுட்டுக் கொன்றதை நாம் மறக்கவில்லை. அதே இரத்தம்தான் பரேலிலும் ஓடியது.

காங்கிரஸ் தலைவர் படேல் சரணடையச் சொன்னார். லீக் தலைவர் ஜின்னாவும் அதையே சொன்னார். பழிவாங்கல் நேராமல் பார்த்துக்கொள்வோம் என்று வாக்குத் தந்தார்கள். 23-ந் தேதி மாலுமிகள் பணிந்தார்கள். வாக்கு என்னவாயிற்று? நூற்றுக்கணக்கானோர் பிடிபட்டார்கள், வேலையிலிருந்து துரத்தப்பட்டார்கள். 1947-ல் சுதந்திரம் வந்தது. இந்தியக் கப்பற்படையும் அவர்களைத் திரும்பச் சேர்க்கவில்லை, பாகிஸ்தான் கப்பற்படையும் சேர்க்கவில்லை. வெகுகாலம் கழித்துத்தான் மும்பை கொலாபாவில் நினைவுச் சின்னம் எழும்பியது. சிலையால் அன்றைக்கு இழந்த சம்பளம் வருமா?

இந்த ஐந்து நாளால் மட்டும் வெள்ளையன் போனான் என்று நான் சொல்லவில்லை. ஆனால் எந்தச் சிப்பாயை நம்பி ஆண்டானோ, அந்தச் சிப்பாய் இனி சுடமாட்டான் என்பது அவனுக்கு விளங்கிவிட்டது.

அப்படியானால் ஏன் ஐந்து நாளில் முடிந்தது? கப்பல் நின்றது, ஆலை நின்றது, நகரம் நின்றது. கிராமம் சேரவில்லை. அந்த மாலுமியின் தகப்பன் ஏர் பிடித்த ஊரில், மகன் எதற்காகப் பட்டினி கிடக்கிறான் என்று எடுத்துச் சொல்ல ஆளில்லை. ரொட்டி கொண்டுவந்த நகரத்துக்குப் பின்னால் நெல் விளைக்கும் கிராமமும் நின்றிருந்தால், தலைவர்கள் அவ்வளவு எளிதாகச் சரணடையச் சொல்லியிருக்க முடியுமா?

ஆகவே தோழர்களே, ஆலையில் வேலைநிறுத்தம் என்று கேட்டால், அது நகரத்துச் சங்கதி என்று கழனிக்காரர் இருந்துவிடக் கூடாது. அறுவடைக் கூலிக்குக் கழனியில் கதிர் அரிவாள் கீழே விழுந்தால், ஆலைத் தோழர் ஷிப்டு முடிந்து பேசாமல் வீட்டுக்குப் போகக் கூடாது. ஒருவர் வேலையை நிறுத்தும் நாளில், மற்றவர் வீட்டு அரிசியில் ஒரு படி அவர் அடுப்புக்குப் போகட்டும். பம்பாய் மாலுமிகள் உயிரைக் கொடுத்துச் சொன்ன பாடம் இதுதான்.