வசூலுக்கு முன்னால் விண்ணப்பம்

(கிள்ளானில் நடைபெற்ற சங்கக் குடும்ப ஒன்றுகூடலில் சமூகநலக் குழுவின் சார்பில் ஆற்றிய உரை)





இந்தப் பொன்விழா ஆண்டில் சங்கம் செய்த நற்பணிகளைப் பலரும் எடுத்துச் சொன்னார்கள். அல்ஹம்துலில்லாஹ். சமூகநலக் குழுவினராகிய நாங்கள் ஒரு தவறைச் சொல்ல வந்திருக்கிறோம். அது எங்களுடைய தவறு. இன்னொரு குடும்பத்துக்கு அது நடக்கக் கூடாது என்பதற்காகவே சொல்கிறோம்.

நம் உறுப்பினர் ஒருவர். பெயர் வேண்டாம். இளவயதில் ஓர் உணவகத்தில் இரண்டு வருடம் வேலை பார்த்தார். அதன் பிறகு நெடுங்காலம் சொந்தமாக ஒட்டுக்கடை வைத்திருந்தார். கடை நொடித்ததும் மறுபடி வேலைக்குப் போய் மூன்று வருடம் ரொட்டி போட்டார். ஒரு நாள் சுபுஹுக்கு எழுந்தவருக்குப் பக்கவாதம். வலது கையும் வலது காலும் விழுந்துவிட்டன.

நாங்கள் சும்மா இருக்கவில்லை. ஜும்ஆ முடிந்ததும் துண்டேந்தினோம். அரிசி, பருப்பு, வீட்டு வாடகை எல்லாம் பார்த்துக்கொண்டோம். ஊருக்குப் போய் வைத்தியம் பார்க்க விமான டிக்கெட்டும் எடுத்துக் கொடுத்தோம். ஒரு வருடத்துக்கு மேல் அங்கே இருந்துவிட்டுத் திரும்பி வந்தார். கை, கால் வரவில்லை. வேலை நின்று 20 மாதம் ஆன பிறகு அவருடைய மனைவி ஒரு பழைய சம்பளச் சீட்டை எடுத்து வந்து, "இதில் சொக்சோ என்று மாதாமாதம் பிடித்திருக்கிறார்களே, அது என்ன நானா?" என்று கேட்டார்.

அந்தக் கேள்வியை முதல் வாரமே நாங்கள் கேட்டிருக்க வேண்டும்.

பெரியோர்களே, நாம் சொக்சோ என்று சொல்லிப் பழகிய பெர்கேசோ 1969-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 1971-இல் தொடங்கப்பட்டது. அதில் இரண்டு திட்டங்கள் உண்டு. ஒன்று, வேலையிட விபத்துத் திட்டம். வேலைக்குப் போகும் வழியிலும் வரும் வழியிலும் நடக்கும் விபத்தும் இதில் சேரும். மற்றொன்று இலாட் திட்டம். விபத்தே இல்லாமல் பக்கவாதம், சிறுநீரகக் கோளாறு, இருதய நோய் என்று எதனால் வேலை செய்ய முடியாமல் போனாலும் பென்ஷன் தருவது இதுதான். இதற்கு முதலாளி அரை விழுக்காடும் தொழிலாளி அரை விழுக்காடும் கட்டுகிறார்கள். 2,000 ரிங்கிட் சம்பளக்காரரிடம் மாதம் ஏறக்குறைய 10 ரிங்கிட் பிடிப்பார்கள்.

நோய் இனி குணமாகாது, வழக்கமான சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்குகூடச் சம்பாதிக்க முடியாது என்று பெர்கேசோவின் மருத்துவக் குழு சொல்ல வேண்டும். 60 வயது ஆகுமுன் விண்ணப்பிக்க வேண்டும். அப்போது சராசரிச் சம்பளத்தில் 50 விழுக்காடு முதல் 65 விழுக்காடு வரை மாதாமாதம் கிடைக்கும். அவர் மவுத்தானால் மனைவி மக்களுக்கும் பென்ஷன் உண்டு.

ஆனால் சந்தாக் கணக்கு ஒன்று இருக்கிறது. விண்ணப்பிக்கும் மாதத்துக்கு முந்தைய 40 மாதங்களில் 24 மாதம் சந்தா கட்டியிருக்க வேண்டும். இல்லையென்றால், முதன்முதலில் சந்தா தொடங்கியதிலிருந்து இதுவரையுள்ள மாதங்களில் மூன்றில் இரண்டு பங்கு கட்டியிருக்க வேண்டும். மூன்றில் ஒரு பங்கு கட்டியிருந்தால் குறைந்த பென்ஷன். எப்படி இருந்தாலும் மொத்தம் 24 சந்தாவுக்குக் குறையக் கூடாது.

நம் சகோதரரின் கணக்கைப் பாருங்கள். முதல் சந்தா கட்டி 20 வருடம், அதாவது 240 மாதம். கட்டியதோ முன்னே 24, பின்னே 36, ஆக 60. மூன்றில் ஒரு பங்குக்கு 80 வேண்டும். அந்த வழி அடைபட்டது. கடைசி 40 மாதத்தைப் பார்த்தால், 20 மாதம் படுக்கையில் போய்விட்டது. மீதி 20 மாதம்தான் சந்தா. நான்கு மாதம் குறைகிறது. அந்த நான்கு மாதத்துக்கு முன்னால் மனுப் போட்டிருந்தால், மருத்துவக் குழுவும் ஒப்புக்கொண்டிருந்தால், ஆயுள் முழுக்கப் பென்ஷன். இப்போது கிடைத்தது, கட்டிய பணம் வட்டியுடன் ஒரே தடவையாக. அது சில மாதத்தில் கரைந்துவிட்டது.

வசூல் செய்ய ஓடிய நாங்கள், அவருக்குச் சொந்தமான உரிமை காலாவதியாவதைப் பார்க்கவில்லை.

ஏன் யாரும் முதலிலேயே கேட்கவில்லை? வெட்கம். கவர்மெண்டில் கையேந்துவதா என்ற எண்ணம். தாய்மார்களே, சொக்சோ கையேந்துவது அல்ல. அது நாம் கட்டிய காசு. வீட்டு வருமானம் எவ்வளவு, மகன் என்ன சம்பாதிக்கிறான் என்று அங்கே கேட்பதில்லை. ஒட்டகத்தைக் கட்டிவிட்டுத் தவக்குல் வைக்கச் சொன்ன மார்க்கம் நம்முடையது. மனுப் போடுவதும் ஒட்டகத்தைக் கட்டுவதுதான்.

இன்னும் சில வாசல்களும் இருக்கின்றன. இ.பி.எஃப். பணத்தை, வேலை செய்ய இயலாது என்று மருத்துவச் சான்று இருந்தால், வயது வரும் வரை காத்திராமல் எடுக்கலாம். சமூக நல இலாகாவில் 2008-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் சட்டத்தின்படி ஓகேயு அட்டை இலவசமாகப் பதிந்து கொடுக்கிறார்கள். அட்டை இருந்து வேலை செய்ய முடியாதவர்களுக்கான மாத உதவி 2021-இல் 300 ரிங்கிட்டாக உயர்ந்தது. படுத்த படுக்கையாக இருப்பவரைக் கவனிப்பவர்களுக்குத் தனி உதவி உண்டு. இவற்றுக்கு வீட்டு வருமானத்தைப் பார்ப்பார்கள். ஜக்காத் உதவிக்குக் கிள்ளானில் இருப்பவர்கள் சிலாங்கூர் ஜக்காத் வாரியத்துக்குப் போக வேண்டும். பிரிக்பீல்ட்ஸில் இருப்பவர்கள் கூட்டரசுப் பிரதேச இஸ்லாமிய சமய மன்றத்துக்குப் போக வேண்டும். ஒரே ரயிலில் போய் வந்தாலும் வாசல் வேறு.

இங்கே உணவகம் நடத்தும் முதலாளிமார்களும் உட்கார்ந்திருக்கிறீர்கள். உங்களிடம் உரிமையோடு ஒன்று சொல்கிறோம். ஊரிலிருந்து பெர்மிட்டில் வந்து மாவு பிசையும் பிள்ளைகளுக்கும் 2019 ஜனவரி முதல் விபத்துத் திட்டம் உண்டு. 2024 ஜூலை முதல் இலாட் திட்டமும் உண்டு. விபத்து நடந்தால் 48 மணி நேரத்துக்குள் முதலாளி அறிவிக்க வேண்டும். சந்தாவை மிச்சம் பிடிக்காதீர்கள். சொந்தக் கடைக்காரர்களுக்கும் வாகனமோட்டிகளுக்கும் 2017-ஆம் ஆண்டுச் சட்டத்தில் விபத்துப் பாதுகாப்பு இருக்கிறது. 55 வயதுக்குட்பட்ட இல்லத்தரசிகளுக்கு 2022 டிசம்பர் முதல் வருடம் 120 ரிங்கிட்டில் ஒரு திட்டம் இருக்கிறது. அதில் வீட்டு விபத்தும் இலாட்டும் அடங்கும். பெருநாள் துணிக்கு ஆகும் செலவில் ஒரு பகுதிதான்.

பிரிக்பீல்ட்ஸ் தெருக்களில் நடந்தவர்களுக்குத் தெரியும். 1951-இல் தொடங்கிய மலேசியப் பார்வையற்றோர் சங்கம் அங்கேதான் இருக்கிறது. வெள்ளைக் கோலைத் தட்டிக்கொண்டு, மஞ்சள் கட்டைப் பாதையைக் காலால் தடவிக்கொண்டு, வேலைக்குப் போகிறவர்களை நாம் தினமும் பார்க்கிறோம். அவர்கள் தலை நிமிர்ந்துதான் போகிறார்கள். ஓகேயு அட்டை எடுக்க வெட்கப்படுவது நாம்தான். ஓரளவு தேறியவர்களை மறுபடி வேலைக்கு அனுப்ப, 2007 முதல் பெர்கேசோவே ஒரு திட்டம் நடத்துகிறது. மனுப் போட்டால் மூலையில் உட்கார வைத்துவிடுவார்கள் என்ற பயமும் வேண்டாம்.

இனி எங்கள் குழு நோயாளி வீட்டுக்குப் போனால், துண்டை விரிப்பதற்கு முன் மூன்று கேள்வி கேட்கும். கடைசியாகச் சந்தா கட்டியது எந்த மாதம்? மருத்துவ அறிக்கை எங்கே? வயது என்ன? வேலை நின்று ஒரு வருடம் தாண்டுமுன் மனு உள்ளே போயிருக்க வேண்டும். மலாய் பாரம் நிரப்ப, அலுவலகத்துக்குத் துணைக்கு வர, நம் இளைஞர்கள் பெயர் கொடுத்திருக்கிறார்கள். மருத்துவக் குழு மறுத்தால் மேல்முறையீட்டுக்கும் கூட வருவார்கள்.

நீங்கள் செய்ய வேண்டியது ஒன்றுதான். இன்றிரவு வீட்டுக்குப் போனதும் சம்பளச் சீட்டு, சந்தா விவரம், அடையாள அட்டை நகல், நிக்காஹ் பத்திரம், பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம் எல்லாவற்றையும் ஒரே ஃபைலில் போட்டு, அது எங்கே இருக்கிறது என்று வீட்டாரிடம் சொல்லுங்கள்.

வசூல் நிற்காது. அந்தச் சகோதரருக்கு இன்றும் அரிசி போகிறது, இன்ஷா அல்லாஹ் இனியும் போகும். ஆனால் அவர் சொந்தக் காசில் சாப்பிட வேண்டியவர். அது எங்கள் நெஞ்சில் இருக்கிறது. அவருக்காகத் துஆ செய்யுங்கள்.